துப்பும் சிலந்தி ஊமையான கதை

பூச்சிகளும் பறவைகளும் ஒரே பேச்சைப் பேசிய அந்தக் காலத்தில், ஒரு வறண்ட குன்றின் சரிவில் இரண்டு சிலந்திகள் இருந்தார்கள். மூத்தவள் பெயர் சடைச்சி. அவள் தங்கை வடிவு. ஒரே பாறை இடுக்கில் அக்கா மேலே வலை கட்டுவாள், தங்கை கீழே கட்டுவாள். விடிந்ததும் யார் வலையில் என்ன விழுந்தது என்று குரல் கொடுத்துக் கேட்டுக்கொள்வார்கள்.

வடிவுக்குப் பிள்ளை இல்லை. சடைச்சி முட்டையிட்டு, நூலால் பொதிந்து வலை நடுவே தொங்கவிட்டபோது, "குஞ்சு வந்ததும் பாதி எனக்குத் தரவேண்டும்" என்றாள் தங்கை.

"எல்லாவற்றையும் நீயே வைத்துக்கொள். நான் நிம்மதியாகத் தூங்குவேன்" என்று சிரித்தாள் சடைச்சி.

ஒரு நாள் உச்சி வெயிலில் குளவி வந்தது. சிலந்திகளைத் தூக்கிப்போய்த் தன் புழுக்களுக்குத் தீனியாகப் போடுவதுதான் அதன் வேலை. வந்த வேகத்தில் இரண்டு வலைகளையும் கிழித்தது. சடைச்சி ஒரு வெடிப்புக்குள் நுழைந்து தப்பினாள். வெளியே வந்து பார்த்தால் முட்டைப் பொதியும் இல்லை, தங்கையும் இல்லை. கூப்பிட்டுப் பார்த்தாள். பதில் வரவில்லை. எல்லாம் குளவியோடு போயிற்று என்று நினைத்துக்கொண்டாள்.

ஆனால் பொதி கீழேதான் விழுந்திருந்தது. எறும்புகள் மொய்ப்பதற்குள் வடிவு அதை வாயில் கவ்விக்கொண்டு ஓடி, சரிவின் அடியில் ஒரு கல்லுக்குள் ஒளிந்துகொண்டாள். குளவி அங்கேயே சுற்றிக்கொண்டிருந்ததால் மூன்று நாள் அவளால் தலைகாட்ட முடியவில்லை.

அந்த மூன்று நாளும் சடைச்சி எதையும் தின்னவில்லை. கடைசியில் கிழிந்து தொங்கிய தன் வலையை முழுவதும் சுருட்டி விழுங்கினாள். பிறகு எருக்கஞ்செடிக்குப் போய்த் தண்டைக் கடித்தாள்.

பக்கத்தில் வெயில் காய்ந்துகொண்டிருந்த ஓணான் பதறிவிட்டது. "அது விஷப் பால், தாயி. கண்ணில் பட்டால் பார்வை போய்விடும்."

"பார்ப்பதற்கு எனக்கு இனி யார் இருக்கிறார்கள்?" என்றாள் சடைச்சி.

குடித்த பால் வயிற்றிலிருந்த நூலோடு கலந்து பசையாகித் தலைக்கு ஏறியது. தலை திமில்போல வீங்கிற்று. தெறித்த பாலில் எட்டுக் கண்களில் இரண்டு அவிந்தன. மிச்சம் ஆறும் மங்கிப்போயின. வாய் நிறைய விஷப் பசையுடன் அவள் பாறைமேல் குளவிக்காகக் காத்திருந்தாள்.

நான்காம் நாள் காலையில் பாறையில் யாரோ நடக்கும் அதிர்வு அவள் கால்களுக்குத் தெரிந்தது. இரை தேடும்போது குளவியும் அப்படித்தான் நடந்து வரும்.

"யார் அது?" என்றாள்.

வந்தவள் வடிவு. அக்காவின் குரலைக் கேட்டதும் அவளுக்கு உயிர் வந்தது. ஆனால் வாயில் முட்டைப் பொதி இருந்தது. வாயைத் திறந்தால் அது சரிவில் உருண்டு எறும்புப் புற்றில் விழும். பத்து எட்டு வைத்தால் அக்காவிடமே கொடுத்துவிடலாம். பேசாமல் ஓடி வந்தாள்.

"யாரென்று சொல். சொல்லாமல் கிட்டே வராதே."

வடிவு இன்னும் வேகமாக ஓடி வந்தாள்.

சடைச்சி துப்பினாள். கோபத்திலும் பயத்திலும் தலை இப்படியும் அப்படியும் நடுங்க, பசைநூல் கோணல்மாணலாகப் பாய்ந்து வந்தவளைப் பாறையோடு தைத்துவிட்டது. கண்மூடித் திறப்பதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

சடைச்சி மெல்லப் போய் முன்னங்கால்களால் தடவிப் பார்த்தாள். இறக்கை தட்டுப்படவில்லை. எட்டுக் கால்கள் தட்டுப்பட்டன. வாயருகே தடவினாள். முட்டைப் பொதியில் தான் முடிந்த முடிச்சு கால் நுனியில் பட்டது.

"வடிவு" என்றாள்.

நூலைப் பிய்க்கப் பார்த்தாள். இழுக்க இழுக்க அது இறுகியது. விஷம் ஏறிக்கொண்டிருந்தபோதும் வடிவு வாயைத் திறக்கவில்லை. அக்கா குனிந்து பொதியைத் தன் வாயில் வாங்கிக்கொண்ட பிறகுதான் திறந்தாள்.

"ஒன்றுகூடக் குறையவில்லை, அக்கா" என்றாள்.

சடைச்சிக்குப் பதில் சொல்ல முடியவில்லை. இப்போது பொதி அவள் வாயில் இருந்தது. தங்கையின் கால்கள் ஒவ்வொன்றாக மடங்கும்வரை பக்கத்திலேயே நின்றாள்.

குஞ்சுகள் பொரிந்து வெளியே வந்தபோது அவர்களுடைய சித்தியைப் பற்றிச் சொல்ல வாயெடுத்தாள். அத்தனை நாளும் பொதியைக் கவ்வியே கிடந்த வாயிலிருந்து குரல் எழும்பவில்லை.

அவள் வழியில் வந்த சிலந்திகள் அன்றைக்குப் பிறகு வலை விரித்துக் காத்திருப்பதில்லை. மங்கிய ஆறு கண்களோடு, முன்னங்கால்களால் தடவித் தடவி மெதுவாகத்தான் நடக்கின்றன. இரையை எட்டத்திலிருந்தே துப்பிக் கட்டுகின்றன. முட்டையிட்டால், குஞ்சு பொரிக்கும்வரை பசியோடு கிடந்தாலும் கிடக்குமே தவிர, பொதியை வாயிலிருந்து இறக்கிவைக்க அவற்றுக்கு மனம் வருவதில்லை.