குலுங்கமிர்தத்துக்குத் துணை

குலுங்கமிர்தம் வட்டமானது என்று பரவலாக நம்பப்படுகிறது. இந்தப் பிழையை இனியும் பொறுப்பதற்கில்லை. குலுங்கமிர்தம் கூம்பு வடிவம் கொண்டது, ஆளுயரம் இருக்கும். இளநீரையும் தேனையும் கடற்பாசியையும் காய்ச்சி, அச்சில் ஊற்றிக் குளிரவைத்து எடுப்பார்கள். மேலே ஓர் ஈ உட்கார்ந்தால் போதும், உச்சியிலிருந்து அடிவரை நடுங்கும். வட்டமானது என்று எழுதிவைத்தவர்கள் மாடியிலிருந்து பார்த்தவர்களாக இருக்க வேண்டும்.

வெண்சாரல் நாட்டு வானத்தில் நான்கு நிலாக்கள். ஊருக்கு ஒன்றாக நான்கு ஊர்களுக்குச் சொந்தம். மகாராணி முடிசூடிய நாளில், ஆண்டுக்கு ஓர் ஊர் குலுங்கமிர்தம் கொண்டுபோய்ப் படைக்க வேண்டும். அது நடுங்கிக்கொண்டு வந்தால் அந்த ஊர் நிலா அந்த ஊருக்கே. நடுங்காமல் வந்தால் நிலா பக்கத்து ஊருக்குப் போய்விடும். அந்த நாட்டு நிலாக்கள் மகாராணி சொன்ன பேச்சைக் கேட்பவை.

அந்த ஆண்டு கொட்டாப்பாடியின் முறை.

அரண்மனையிலிருந்து வந்த செப்பேட்டை ஊர்த்தலைவர் அடைக்கலம் உரக்கப் படித்தார்.

"ஒன்று: குலுங்கமிர்தத்தைத் தனியே விடக் கூடாது. இரண்டு: அது நடுங்கிக்கொண்டே மகாராணியின் முன் வர வேண்டும்."

படித்து முடித்து வியர்வையைத் துடைத்துக்கொண்டார். "பிசகினா, நிலாவைத் தொலைச்ச தலைவன்னு என் பேரைக் கல்லுல வெட்டிடுவாங்க. எழுதியிருக்கறபடி செய்யுங்கப்பா. கூடவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்."

சமையல்காரி செவ்வந்தி குலுங்கமிர்தத்தைச் செய்து முடித்தாள். அருமையாக நடுங்கியது. காவலுக்கு மருதையனை உட்காரவைத்தார்கள். அவன் கொஞ்ச நேரத்திலேயே எழுந்து வந்துவிட்டான்.

"ஏன்டா அதைத் தனியா விட்டுட்டு வந்தே?" என்று பதறினார் தலைவர்.

"நான் பக்கத்துல இருந்தாலும் அது தனியாத்தான் தலைவரே இருக்கு. என்னைச் சுத்தி இத்தனை மனுசங்க இருக்காங்க. அதைச் சுத்தி ஒரு இனிப்பாவது உண்டா?"

ஊரே கூடி யோசித்து, அவன் சொல்வது சரிதான் என்று முடிவு செய்தது. செவ்வந்தி அதே அச்சில் இன்னொன்று செய்து துணைக்கு வைத்தாள்.

இரண்டையும் வண்டியில் ஏற்றிய பிறகுதான் எது படையல், எது துணை என்ற கேள்வி வந்தது.

"இடது பக்கம் இருக்கறதுதான் படையல்," என்றார் வண்டிக்குப் பின்னால் நின்ற தலைவர்.

"முன்னால வந்து பாருங்க. அது வலது பக்கம் இருக்கு," என்றாள் செவ்வந்தி.

தலைவர் முன்னால் போய்ப் பார்த்தார். அவள் சொன்னது உண்மைதான். "அதுக்குள்ள மாத்தி வச்சது யாருடா?" என்று கத்தினார்.

வண்டி நகர்ந்தது. மருதையன் இரண்டையும் உற்றுப் பார்த்தான். "கத்தாதீங்க தலைவரே. இதுல ஒண்ணு ரொம்ப நடுங்குது பாருங்க. மகாராணியைப் பார்க்கப் போறது அதுதான். மத்தது சும்மா கூட வருது. அதுக்கென்ன பயம்?"

தலைவர் அவனைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். அந்தப் பக்கத்துச் சக்கரம் கோணலாக இருந்தது. ஆனால் செப்பேட்டில் சக்கரத்தைப் பற்றி ஒன்றும் இல்லை.

வழியெல்லாம் அது நடுங்குவதைப் பார்க்கச் செவ்வந்திக்கு மனசு கேட்கவில்லை. "பாவம், பொறந்ததே நேத்துத்தான். அரண்மனைன்னா பயமா இருக்காதா?" என்று சொல்லி, அதைச் சமாதானப்படுத்த ஆரம்பித்தாள். மகாராணி நல்லவர், அதட்டிப் பேசமாட்டார், அவருக்குப் பல்லே கிடையாது.

அப்போது மண் சாலை முடிந்து அரண்மனைச் சாலை வந்தது. கண்ணாடிபோல் வழவழப்பான கல் தளம். குலுங்கமிர்தம் அசையாமல் நின்றது.

"பார்த்தீங்களா, தைரியம் வந்துடுச்சு!" என்றாள் செவ்வந்தி.

"அடிப் பாவி! நடுங்கலைன்னா நிலா போச்சே! பயமுறுத்து, பயமுறுத்து!" என்று அலறினார் தலைவர்.

மருதையன் அதற்குக் கரண்டியைக் காட்டினான். தலைவர் புலிபோல உறுமினார். மகாராணிக்கு முப்பத்திரண்டு பல்லும் இருக்கிறது என்று செவ்வந்தி ஒப்புக்கொண்டாள். ஒன்றும் பலிக்கவில்லை.

"நீ ஒரேயடியா தைரியம் குடுத்துட்டக்கா," என்றான் மருதையன்.

வேறு வழியில்லை. தலைவரும் மருதையனும் படையல் இருந்த தட்டை இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கிக்கொண்டு மகாராணியின் முன் போனார்கள். நிலா போய்விடப்போகிறதே என்ற பயத்தில் தலைவருக்குக் கைகால் உதறியது. அதைப் பார்த்து மருதையனுக்கும் உதறியது. தட்டு உதறியது. அப்படியொரு நடுக்கத்தை அரண்மனை அதுவரை கண்டதில்லை.

மகாராணி எழுந்து நின்று கைதட்டினார். "நிலா உங்களுக்கே!" என்று சொல்லி, உச்சியில் ஒரு கரண்டி எடுத்து வாயில் போட்டுக்கொண்டார்.

"ஐயோ!" என்றான் மருதையன். "அது உள்ளே தனியாப் போகுது!"

செவ்வந்தி ஓடிப்போய் வண்டியிலிருந்த துணைக் குலுங்கமிர்தத்திலிருந்து ஒரு கரண்டி கொண்டுவந்து நீட்டினாள். மகாராணிக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. அதையும் விழுங்கிவிட்டு, "இன்னும் ஏதாவது வேண்டுமா? கேளுங்கள், தருகிறேன்," என்றார்.

யோசித்துச் சொல்வதாக மூவரும் வெளியே வந்தார்கள். மாலை மங்கியிருந்தது. மற்ற ஊர் நிலாக்கள் வானத்தில் அங்கங்கே நிற்க, அரண்மனைக் குளத்தில் கொட்டாப்பாடி நிலா மட்டும் தெரிந்தது. காற்றில் தண்ணீர் அலைந்துகொண்டிருந்தது.

"தலைவரே," என்றான் மருதையன் மெதுவாக, "நம்ம நிலா நடுங்குது."



"இத்தனை வருசமா ஒத்தையா விட்டுட்டோமே," என்று செவ்வந்தி கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

தலைவர் உள்ளே திரும்பிப் போய், தங்கள் நிலாவைப் பக்கத்து ஊரான சேந்தலூர் நிலாவோடு சேர்த்துவைக்கும்படி கேட்டார். யோசித்துத்தான் கேட்கிறீர்களா என்று மகாராணி இரண்டு முறை விசாரித்தார்.

"தனியே விடக் கூடாதுன்னு நீங்கதானம்மா எழுதியிருக்கீங்க," என்று அடைக்கலம் செப்பேட்டை நீட்டினார்.

மகாராணி அதை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். பிறகு நிலாவிடம் சொல்லிவிட்டார். அன்றிரவே அது சேந்தலூர் வானத்துக்குப் போய்விட்டது.

நிலாவைத் தவிக்கவிடாத தலைவர் என்று அடைக்கலத்தின் பெயரைக் கல்லில் வெட்டி ஊர் முகப்பில் நட்டிருக்கிறார்கள். கொட்டாப்பாடியில் இப்போது தீப்பந்தம் ஜோடியாகத்தான் விற்கிறது.