வாசலில் நின்ற மனுதாரர்

மடத்துப் படியேறி வந்த ஏகாம்பரத்துக்கு மூச்சு வாங்கியது. நாற்பத்தைந்து வயது ஆள். நேற்று வெள்ளிக்கிழமை கோர்ட்டுக்குப் போட்டுப் போன அதே வெள்ளைச் சட்டையோடு வந்திருந்தான்.

ஞானாம்பிகை அம்மாள் கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். அவனைவிட நாலைந்து வயது இளையவர். ஆனாலும் பத்து வருஷமாக அவனுக்கு அவர்தான் குரு.

"மனு தள்ளுபடி ஆயிடுச்சும்மா."

மனைவி பிரிந்துபோய் இரண்டு வருஷம். மகள் பூவிழியை ஞாயிற்றுக்கிழமைகளில் இரண்டு மணி நேரம் பார்க்க விடுங்கள் என்று அவன் போட்டிருந்த மனு அது. அதற்கு மேல் அவன் எதுவும் கேட்கவில்லை, பாவம்.

"என்ன சொல்லித் தள்ளினாங்க?"

"ஆள் வரலைன்னு. மூணு தடவை பேரைக் கூப்பிட்டாங்க. நான் போகலை."

"நீங்க எங்க இருந்தீங்க?"

"கோர்ட்டு வாசல்ல."

அம்மாள் நிமிர்ந்து பார்த்தார்.

நடந்தது இவ்வளவுதான். பஸ் தாமதம். வாசலுக்கு வந்தபோது பத்தரை தாண்டி ஐந்து நிமிஷம், ராகு காலம் தொடங்கிவிட்டது. பெற்ற பெண்ணைக் கேட்டு நுழைகிற இடத்தில் அந்த நேரம் பார்த்துக் கால் வைக்க அவனுக்கு மனசு வரவில்லை. பன்னிரண்டு வரை வெளியே நிற்கலாம், முன்னாலேயே கூப்பிட்டாலும் இன்னொரு சுற்றுக் கூப்பிடுவார்கள் என்று தனக்குத் தானே தீர்ப்புச் சொல்லிக்கொண்டான். பதினொன்று இருபதுக்கு வராந்தாவிலிருந்து அவன் பேர் கேட்டது. இரண்டாவது தடவை ஒரு காலைத் தூக்கினான், வைக்கவில்லை. மூன்றாவது தடவைக்குப் பிறகு வேறு யாரையோ கூப்பிட்டார்கள். பன்னிரண்டு அடித்ததும் மகராசன் வலது காலை எடுத்து வைத்து உள்ளே போனான்.

"முப்பது நாளைக்குள்ள திரும்ப எடுக்கச் சொல்லி மனுப் போடலாமாம். ஒரு நாள் போயிடுச்சு. ஏன் வரலைன்னு காரணம் எழுதணும். ஜுரம்னு எழுதி டாக்டர் சீட்டு வெச்சுடலாம்னு வக்கீல் சொல்றார். எனக்குப் பயமா இருக்கும்மா. எழுதட்டுமா?"

"வாசல்ல நின்னதை யாராவது பார்த்தாங்களா?"

ஏகாம்பரம் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டான்.

"பூவிழி பார்த்தா. குழந்தையைக் கூட்டிட்டு வரச் சொல்லி ஜட்ஜ் சொல்லியிருந்தார். மாடி வராந்தாவுல அவ அம்மா பக்கத்துல நின்னுட்டு, என்னைப் பார்த்துக் கையைக் காட்டினா."

"டாட்டாவா?"

"இல்லைம்மா. வா வான்னு."

சொல்லும்போதே அவன் விரல்கள் மடங்கி அந்தச் சைகையைக் காட்டின.

"எத்தனை தடவை?"

"எண்ணலைம்மா. மணி பார்த்துட்டு இருந்தேன்."

அம்மாள் கீரைத் தட்டை நகர்த்தி வைத்தார்.

"ஜுரம்னு எழுதினா கோர்ட்டு நம்பிடும். பூவிழிக்கு எந்த டாக்டர்கிட்ட சீட்டு வாங்கப்போறீங்க?"