ஆணைக்குக் கற்பூரம்

வெகு காலத்துக்கு முன்னே செங்கழனி நாட்டைக் கோடைமாறன் என்றொரு ராஜா ஆண்டுவந்தார். புகழ்ந்தவருக்குப் பட்டு, எதிர்த்தவருக்கு வெட்டு என்று இருப்பவர். அவர் சபையில் ஒருநாள் கீழத்தெருச் சிலம்பாயி நின்றாள். எதிரே ஒரு மரக்கட்டை, அதன்மேல் அரிவாள். அதைப் பார்க்கக் கூடாது என்று நினைத்தாள். கண் அங்கேயே போயிற்று.

நடந்தது இதுதான். கீழத்தெருவார் குளத்துக்குப் போகும் பாதையை, அரண்மனைப் பிரபு சிங்கதேவர் மதில் எழுப்பி அடைத்துவிட்டார். சிலம்பாயி ராஜாவிடம் முறையிட்டாள். மதிலை இடிக்கும்படி சிங்கதேவருக்கு ஓலை போயிற்று.

சிங்கதேவர் அந்த ஓலையைத் தலையில் வைத்து ஊர்வலம் வந்தார். மதிலை ஒட்டி ஒரு மாடம் கட்டி, அதில் ஓலையை வைத்துத் தினமும் கற்பூரம் காட்டினார். ராஜாவுக்கு உச்சி குளிர்ந்தது. பட்டுச் சால்வை அனுப்பினார். மதில் அப்படியே நின்றது.

மாசி போய்ச் சித்திரை வந்தது. தெருவில் குடிக்கத் தண்ணீர் இல்லை. சிலம்பாயி கடப்பாரையை எடுத்தாள். மதிலில் நாலு கல் பெயர்ந்தது. கூடவே மாடமும் சரிந்தது.

“தங்கள் ஓலையை மண்ணில் தள்ளிவிட்டாள், மகாராஜா. இது ஆணை அவமதிப்பு” என்றார் சிங்கதேவர், சால்வையை இழுத்துவிட்டுக்கொண்டு. சாட்சிக்குக் கொண்டுவந்த தட்டில் ஓலையும் வாடிய மாலையும் இருந்தன.

“இடிக்கச் சொன்னதே அந்த ஓலைதானே, சாமி?”

“உன்னையா இடிக்கச் சொன்னேன்?” என்றார் ராஜா. “வலது கையை வெட்டுங்கள்.”

அமைச்சர் எழுந்தார். “பிடித்து இழுத்து வெட்டுவது நம் வழக்கமில்லை, மன்னா. தாங்கள் உத்தரவிட, அவளே கையை நீட்ட வேண்டும்.”

“கையை நீட்டு.”

சிலம்பாயி தட்டிலிருந்த மாலையில் ஒரு பூவைக் கிள்ளினாள். ராஜாவின் காலடியில் வைத்துக் கும்பிட்டாள். “உத்தரவை வணங்குகிறேன், சாமி.”

கை நீளவில்லை.

“நீட்டு என்றேன்.”

இன்னொரு பூ. இன்னொரு கும்பிடு. காவலன் அரிவாளைக் கையில் எடுத்தான்.

“என் ஆணையை மீறுகிறாயா?”

“மீறவில்லை, சாமி. வணங்குகிறேன். சிங்கதேவர் ஐயாவும் மாசியிலிருந்து இப்படித்தான் வணங்குகிறார். அவருக்குச் சால்வை வந்தது. எனக்கு ஏன் அரிவாள் வருகிறது?”

ராஜா சால்வையையே பார்த்துக்கொண்டிருந்தார். சிலம்பாயி கண்ணை மூடிக்கொண்டாள்.

“அமைச்சரே, இவள் இரண்டு தடவை கும்பிட்டதற்கே எனக்கு இப்படி எரிகிறதே. அவர் எத்தனை தடவை கும்பிட்டிருப்பார்?”

“தினமும் இரண்டு வேளை, மன்னா. விசேஷ நாளில் மணியும் அடிப்பார்.”

ராஜா சிரிக்கவில்லை. “அந்தச் சால்வையைக் கழற்றி இந்தப் பெண்ணிடம் கொடுங்கள்.”

சிங்கதேவர் தடாலென்று விழுந்து கைகூப்பினார்.

“கும்பிட்டது போதும்” என்றார் ராஜா. “கடப்பாரையை எடும். அரிவாளும் கட்டையும் உம்முடனே மதிலடிக்கு வரும்.”

பொழுது சாய்வதற்குள் மதில் தரைமட்டமாயிற்று. சிலம்பாயி குளத்தில் குடத்தை முக்கி எடுத்தாள். வலது கை நடுங்கிக்கொண்டே இருந்தது. வீடு வருவதற்குள் பாதித் தண்ணீர் சிந்திவிட்டது. அவள் திரும்பிப்போய் இன்னொரு குடம் எடுத்துவந்தாள்.