சவரிமுத்து ஏற்றிய சுவர்

ஆற்றுக்கு நடுவே பாலத்துக்காகக் கிணறு இறக்கிக்கொண்டிருந்தார்கள். தண்ணீருக்கான கிணறு அல்ல. தூண் உட்காருவதற்கான கான்கிரீட் கிணறு. உள்ளே மணலை அள்ள அள்ள அது தன் கனத்திலேயே கீழே போகும். போன அளவுக்கு மேலே சுவரை ஏற்ற வேண்டும். ஏற்றியதும் மண்ணுக்குள் போய்விடும். மாதக்கணக்கில் இதே பிழைப்பு.

இன்ஜினியர் மங்கையர்க்கரசிதான் அங்கே குரு. வீடு கட்டியே பாதி ஆயுளைக் கழித்துவிட்டு, இந்த வேலையைக் கற்க வந்த மேஸ்திரி சவரிமுத்து சிஷ்யர். குருவைவிட சிஷ்யருக்குத்தான் தலை நரைத்திருந்தது. அதைச் சொல்லிக் கேலி செய்யக்கூட யாருக்கும் தெம்பு இல்லை.

ஒருநாள் காலை கிணறு கிழக்கே சாய்ந்து நின்றது. மங்கையர்க்கரசி தூக்குக்குண்டு கட்டிப் பார்த்தார். பிறகு சுவரை அண்ணாந்து பார்த்தார்.

“இவ்வளவு உயரம் யாரு ஏத்தச் சொன்னது?”

“நான்தான் மேடம்.”

“இறங்கறதுக்கு முன்னாடி ஏத்தினா தலைகனத்துச் சாயும்னு தெரியாதா?”

“தெரியும்.”

“அப்புறம் ஏன்?”

சவரிமுத்து ஆற்றைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

“போன வாரம் என் பொண்ணு ஜெசிந்தா வந்திருந்தா. கரையில நின்னு, நீ கட்டுனது எங்க இருக்கு அப்பான்னு கேட்டா. இடுப்பு உயரத்துக்கு ஒரு வளையம்தான் தெரிஞ்சுது. வெக்கமாப் போச்சு மேடம். ஞாயித்துக்கிழமை திரும்ப வர்றா.”

மங்கையர்க்கரசிக்குக் கோபம் வந்தது. திட்டத்தான் அலுப்பாக இருந்தது.

“சாஞ்ச பக்கம் ஜாக்கி வெச்சுத் தூக்கிரலாமா மேடம்?”

“கீழ போனதைத் தூக்க முடியாதுண்ணே. ஒசந்து நிக்கிற பக்கம் தோண்டுங்க.”

கிரேன் வாளி மேற்கு ஓரத்திலேயே அள்ளியது. வெள்ளம் வருவதற்குள் ஆழம் போய்ச் சேராவிட்டால் கிணற்றை ஆறு புரட்டிவிடும். எல்லோருக்கும் போதும் போதும் என்றாகிவிட்டது. சவரிமுத்து மகளைப் போனில் கூப்பிட்டு வர வேண்டாம் என்றார்.

கிணறு மெல்ல நிமிர்ந்தது. பிறகு நேராக இறங்கியது. ஆசையாய் ஏற்றிய சுவர் மொத்தமும் மணலுக்குள் போனது. பாறையைத் தொட்டதும் அடியைக் கான்கிரீட்டால் அடைத்து, உள்ளே மணல் கொட்டி, மேலே மூடி போட்டார்கள்.

அந்த மூடிமேல் சவரிமுத்து உட்கார்ந்திருந்தார். மங்கையர்க்கரசியும் வந்து உட்கார்ந்து, சேறு அப்பிய பூட்ஸைக் கழற்றினார்.

“அலுத்துப்போச்சு மேடம். வீடு கட்டவே திரும்பிப் போயிரட்டுமா?”

“எனக்கும் அலுப்புதான்.”

“பொண்ணு கேட்டா எதைக் காட்டுறது? இப்ப அந்த வளையம்கூட இல்ல.”

“இப்பக் கூட்டிட்டு வராதீங்க.”

“பின்ன?”

“பாலம் முடியட்டும். ரெண்டு கரையும் தொட்டு வெள்ளம் போற அன்னைக்குக் கூட்டிட்டு வாங்க. நடுப்பாலத்துல நிக்க வைங்க.”

சவரிமுத்து பதறிப்போனார்.

“அவ்வளவு வெள்ளத்துலயா? என் பொண்ணையா?”

மங்கையர்க்கரசி அவரைத் திரும்பிப் பார்த்தார்.

“ஏண்ணே, கிணறு யாரு இறக்குனது?”