முத்துப்பேச்சியின் மூச்சுக்கணக்கு

“இந்தப் பிள்ள ஊக்க ஊசி போட்டிருக்கா, டாக்டரம்மா. எனக்கு நல்லாத் தெரியுது.”

விளையாட்டு விடுதியின் ஓட்டப் பயிற்சியாளர் ஞானதிரவியம் மாஸ்டர் டாக்டரின் அறைக்குள் நுழைந்ததும் சொன்னது இதைத்தான். பெற்ற தாய் சோறு போட்டாலும் முகர்ந்து பார்த்துவிட்டுச் சாப்பிடுகிற ஆள் அவர். உலகத்தில் அவர் சந்தேகப்படாதது இரண்டே இரண்டு. ஒன்று, டாக்டர் தில்ஷாத் சொல்லிக்கொடுத்த சமன்பாடு. இன்னொன்று, தன் மகள் ஜெசிந்தா.

டாக்டர் வயதில் அவரைவிட ரொம்பச் சின்னவர். ஆனாலும் மாஸ்டர் அவரைத்தான் குரு என்பார்.

அவருக்குப் பின்னால் முத்துப்பேச்சி தலைகுனிந்து நின்றாள். துணைக்கு ஜெசிந்தா. இரண்டு பேரும் ஒரே அணி.

“என்ன நடந்தது?” என்று கேட்டார் டாக்டர்.

“பலகைமேல ஏறி இறங்கச் சொன்னேன். நாடியை எண்ணினேன். வயசு, எடை எல்லாம் சேத்துச் சமன்பாட்டுல போட்டேன். உடம்பு அதிகபட்சம் எவ்வளவு ஆக்சிஜன் இழுக்கும்னு ஒரு கணக்கு வந்துச்சு. ரொம்பக் கம்மி! அந்த மூச்சை வெச்சுக்கிட்டு பஸ்ஸைப் பிடிக்க ஓடலாம். இவ மூவாயிரம் மீட்டர்ல முதலா வாரா. எப்படி?”

“சிறுநீர் சோதனை?”

“சுத்தம்னு வந்திருக்கு. அதுலயும் என்ன தில்லுமுல்லோ!”

“இப்ப என்ன செய்யப் போறீங்க?”

“விடுதியை விட்டு அனுப்பப் போறேன். இன்னைக்கே.”

முத்துப்பேச்சிக்குக் கண் நிறைந்துவிட்டது. விடுதி போனால் ஓட்டமும் போச்சு, பள்ளிக்கூடமும் போச்சு.

“சத்தியமா இல்ல மாஸ்டர்.”

“வாயை மூடு.”

டாக்டர் முத்துப்பேச்சியைத் திரைக்குப் பின்னால் கூட்டிப்போய் நெஞ்சில் ஒரு பட்டையைக் கட்டி அழைத்துவந்தார். மேசைமேல் இருந்த கருவி ஒவ்வொரு துடிப்புக்கும் ஒரு சத்தம் போட்டது.

டிக்டிக்டிக்டிக்.

“மாஸ்டர், கொஞ்சம் வெளியே போங்க.”

போனார். சும்மா நிற்பாரா? கதவில் காதை வைத்துக்கொண்டார். உள்ளே சத்தம் மெல்ல மெல்ல ஆறியது.

டிக்... டிக்...

“இப்ப வாங்க.”

கதவைத் திறந்து காலை எடுத்து வைத்தாரோ இல்லையோ, டிக்டிக்டிக்டிக்.

மாஸ்டர் துள்ளினார். “பாத்தீங்களா! மடியில கனம் இருந்தாத்தானே வழியில பயம்!”

“நாடி வேகமா இருந்தா சமன்பாடு என்ன சொல்லும்?”

“மூச்சு கம்மின்னு சொல்லும். நீங்க சொல்லிக்கொடுத்ததுதானே?”

“அன்னைக்கு நாடியைப் பிடிச்சது யாரு?”

“நான்தான். வேற யாரை நம்புறது?”

டாக்டர் பட்டையைக் கழற்றி வாங்கி ஜெசிந்தாவிடம் நீட்டினார்.

“எம் பொண்ணுக்கு எதுக்கு? அவ மடியில ஒரு கனமும் கிடையாது.”

“தெரியும். வெளியே போங்க, மாஸ்டர்.”

இந்தத் தடவை அவர் கதவில் காதை வைக்கவில்லை. என்ன அவசியம், சொந்தப் பிள்ளைதானே!

கூப்பிட்டதும் சிரித்துக்கொண்டே கதவைத் திறந்தார். டிக்... டிக்... என்று நிதானமாகத்தான் கேட்டது. அவர் தலை தெரிந்தது.

டிக்டிக்டிக்டிக்டிக்டிக்.

முத்துப்பேச்சிக்கு அடித்ததைவிட வேகம். ஜெசிந்தா இரண்டு கையாலும் நெஞ்சை அமுக்கிக்கொண்டாள்.

“மிஷின் ரிப்பேர்ப்பா,” என்றாள் அவசரமாக.

மாஸ்டர் கருவியைப் பார்த்தார். முத்துப்பேச்சியைப் பார்த்தார். மகளைப் பார்க்க அவருக்குத் தைரியம் வரவில்லை.

ஓரடி பின்னால் வைத்தார். இன்னோரடி. வெளியே போய்க் கதவைச் சத்தமில்லாமல் சாத்தினார்.

உள்ளே அந்தச் சத்தம் ஆறுகிற வரைக்கும் காத்திருந்தார்.

“டாக்டரம்மா,” என்றார் கதவுக்கு வெளியிலிருந்தே. “பேச்சிக்கு நீங்களே எண்ணுங்க. நான் இங்கேயே நிக்கேன்.”