ஸ்ரீரஞ்சனியில் ஒரு பஞ்சமம்

திரை இசையமைப்பாளர் ஜெயசீலன் தன் வயலின் ஆசிரியரைப் பார்க்கப் பாளையங்கோட்டைக்கு வந்தார். பன்னிரண்டு வருடமாக அவர் அந்தத் தெருப் பக்கமே போனதில்லை. அவருக்கு ஐம்பத்தெட்டு வயது.

ஆசிரியர் சௌந்தரவல்லி வீட்டுக் கூடத்தில் வகுப்பு எடுத்துக்கொண்டிருந்தார். எதிரே பல் மருத்துவர் கயல்விழி வயலினோடு உட்கார்ந்திருந்தார்.

"வாடா. இளைச்சிட்டே. உட்காரு."

ஜெயசீலன் பையிலிருந்து ஓர் அழைப்பிதழை எடுத்தார்.

"சபாவுல விருது தர்றாங்க, டீச்சர். இது நாளைக்கு அச்சுக்குப் போகுது. உங்க மாணவன்னு போட்டுக்கலாமா?"

"எதுக்கு விருது? படி."

அவர் படித்தார். "ஸ்ரீரஞ்சனி ராகத்தில் இல்லாத பஞ்சம ஸ்வரத்தைத் துணிந்து சேர்த்த புதுமைக்காக."

"துணிஞ்சா சேர்த்தே?"

ஜெயசீலன் பாயைப் பார்த்தார்.

"அந்தப் பாட்டுல பாடகர் தவறிப் பாடினது, டீச்சர். திருப்பிப் பாடச் சொல்லியிருக்கணும். அவருக்கு விமானத்துக்கு நேரமாயிடுச்சு. விட்டுட்டேன். பத்திரிகையில புரட்சின்னு எழுதினாங்க. கேட்டவங்ககிட்டயெல்லாம் நானும் தலையாட்டினேன்."

"எத்தனை வருஷமா ஆட்டறே?"

"பன்னிரண்டு."

சௌந்தரவல்லி மருத்துவர் பக்கம் திரும்பினார். "டாக்டர், இவன் பாட்டை வாசிங்க."

கயல்விழி வாசித்தார். பல்லவி பிசகாமல் வந்தது. சரணத்தில் இரண்டாவது வரி. பஞ்சமம் வருகிற இடத்தில் அவர் வில்லைத் தூக்கிவிட்டார். ஒரு தட்டு நேரம் சத்தமே இல்லை. பிறகு தொடர்ந்து வாசித்தார்.

"மறந்துட்டீங்களா?" என்றார் ஜெயசீலன்.

"இல்ல சார். இங்க எல்லாரும் இப்படித்தான் வாசிக்கிறோம். பல்லு விழுந்த இடம் மாதிரி இருக்குன்னு நானே சொல்லிப் பார்த்தேன். டீச்சர் கேட்கல."

ஜெயசீலனின் காது மடல் சிவந்தது. பன்னிரண்டு வருடத்தில் எத்தனை பேர் இந்த வீட்டில் உட்கார்ந்து அந்த இடத்தில் வில்லைத் தூக்கியிருப்பார்கள்?

"அங்க என்ன வரணும்னு உங்களுக்குத் தெரியுமே, டீச்சர். சரியான ஸ்வரத்தைச் சொல்லிக் கொடுத்திருக்கலாமே."

"பாட்டு என்னோடது இல்லையே. போட்டவன் வந்து சொல்லட்டும்னு விட்டு வச்சிருக்கேன்."

ஜெயசீலன் அழைப்பிதழை மடித்தார். மறுபடி விரித்தார்.

"அப்ப... உங்க பேரு போடறது?"

சௌந்தரவல்லி மருத்துவரிடமிருந்து வயலினை வாங்கி ஜெயசீலன் முன்னால் நீட்டினார்.

"அச்சு நாளைக்குத்தானே. உன் பாடம் இன்னும் முடியல. அந்த இடத்தை வாசி."