டேலியாவுக்குக் குடை பிடித்த மிலார்

கோத்தகிரிக்கு மேலே ஒரு சரிவில், காற்றுக்குப் பயந்து முழங்கால் உயரத்துக்கு மேல் வளராத மிலார் புதர் ஒன்று இருந்தது. பன்னிரண்டு மாதமும் பச்சை. அது ஒன்றுதான் அதற்குப் பெருமை.

ஒரு கார்த்திகையில், ஊட்டிப் பூந்தோட்டம் ஒன்றில் வேலை பார்க்கும் போஜன் அரிவாளோடு ஏறி வந்தார். கிளைகளை வெட்டிக் கட்டாகக் கட்டினார்.

அதில் ஒரு கிளைக்குத் தலைகால் புரியவில்லை. “மலர்க் கண்காட்சிக்கு என்னைக் கூப்பிட்டிருக்காங்க!”

“எங்களையும்தானே வெட்டினாரு?” என்றன மற்றவை.

“நீங்க துணைக்கு.”

போஜன் அதைப் பூந்தோட்டத்துக்குக் கொண்டுபோய், ஒரு டேலியா நாற்றின் தலைக்கு மேல் சாய்வாக ஊன்றிவிட்டுப் போனார்.

“யோவ், தள்ளுய்யா! வெயில் விழல,” என்றது நாற்று. அதற்கு வயது மூன்று வாரம். வாய்க்கு முப்பது வருஷம்.

“நான் காட்சிக்கு வந்தவன். உன்னை எதுக்கு என் காலடியில நட்டாங்கன்னுதான் தெரியல.”

“காட்சிக்கா? உன்னை மாடு கூடக் கடிக்காது!”

அந்த வழியே வந்த காற்று நின்றது. “என்ன தகராறு? சொன்னா இந்த ஆளைத் தள்ளிடறேன். பக்கத்துப் பாத்தியில ஒருத்தன் கேட்டான், தள்ளிட்டுத்தான் வர்றேன்.”

“தள்ளுண்ணே!”

காற்று தள்ளியது. மிலாருக்கோ சரிவிலே காற்றோடு மல்லுக்கட்டி வளர்ந்த உடம்பு. வளைந்தது, படுத்தது, மறுபடி நாற்றின் மேலேயே வந்து சாய்ந்தது.

“நாளைக்கு வந்து பாத்துக்கறேன்,” என்று காற்று போயிற்று.

விடிந்தபோது புல்தரை முழுக்க உறைபனி. மிலாரின் முதுகு வெளுத்திருந்தது. “பாத்தியா, கண்காட்சிக்கு எனக்குச் சுண்ணாம்பு அடிச்சிருக்காங்க!”

நாற்று பக்கத்துப் பாத்தியையே பார்த்துக்கொண்டிருந்தது. அங்கே குடை இழந்த நாற்று, உறைபனி பட்டு வெந்த கீரைபோலக் கறுத்துக் கிடந்தது.

காற்று திரும்பி வந்தது. “என்ன, இன்னிக்குத் தள்ளிடலாமா?”

“யாரை?” என்று சீறியது நாற்று. “அவரு எங்க மாமா!”

மிலார் இலை குலுங்கச் சிரித்தது. “நேத்து வரைக்கும் யோவ். விடிஞ்சா மாமாவா?”

“மனசுல வச்சுக்காதீங்க மாமா. கொஞ்சம் இப்படிச் சாய்ஞ்சுக்குங்க, இந்தப் பக்கம் குளிருது.”

மிலார் சாய்ந்து கொடுத்தது. எதற்கு வந்தோம் என்பது அதற்கு அப்போதுதான் பிடிபட்டது. அதற்கப்புறம் கண்காட்சியைப் பற்றி அது பேச்செடுக்கவில்லை.

போஜன் பூவாளியோடு வந்தார். மண் நனைந்ததும் நாற்று, “மாமா, நீங்களும் ரெண்டு வாய் குடிங்க,” என்று உபசரித்தது.

மிலார் கீழே பார்த்தது. மண்ணுக்குள் இருந்தது அரிவாள் வெட்டிய நுனி மட்டும்தான். வேர் இல்லை.

“நீ குடி மாப்ளே,” என்றது. “நான் மலையிலேயே குடிச்சிட்டுத்தான் வந்தேன்.”